அரணைக்கு விஷம் இல்லை

வைக்கோல் போரைப் பிரிக்கும்போது அரணை ஓடினால் உடனே தடியைத் தேடுகிறோம். அரணை நக்கினால் மரணம் என்ற பேச்சுதான் காரணம். உண்மையில் அரணைக்கு நச்சுப்பல்லும் இல்லை, நச்சுப்பையும் இல்லை.

நம் வரப்புகளில் திரியும் அரணை வாலோடு சேர்த்துச் சுமார் 30 செ.மீ. வரை வளரும். வெட்டுக்கிளி, வண்டு, புழு ஆகியவையே அதற்கு உணவு. கூலி கேட்காத ஆள் என்றே சொல்லலாம். பிடித்தால் வாலைக் கழற்றிவிட்டு ஓடிவிடும். வால் திரும்ப முளைக்கும். ஆனால் அதில் சேர்த்து வைத்த கொழுப்பு போய்விடும். சிறுவர்களை விளையாட்டுக்குக்கூட அதை விரட்ட விடாதீர்கள்.

ஆஸ்திரேலியாவில் இதன் உறவான நீலநாக்கு அரணையை வீட்டிலேயே வளர்ப்போர் உண்டு. அது 60 செ.மீ. வரை வளரும், 20 ஆண்டுகள்கூட வாழும். நம் அரணை முட்டையிடும். அது குட்டி போடும். நத்தைகளைத் தின்பதால் தோட்டக்காரர்களுக்கு அதன்மேல் பிரியம். அதற்காகவே நத்தை மருந்து வைப்பதைத் தவிர்க்கிறார்கள். மருந்துண்ட நத்தையைத் தின்றால் அரணைக்கும் ஆபத்து.

நம் வயலிலும் அதே கணக்குத்தான். தேவையின்றிப் பூச்சிமருந்து அடிக்காதீர்கள். வரப்போரச் சருகைக் கொளுத்தாமல், ஒரு மூலையில் கல் குவியலும் சருகும் விட்டு வையுங்கள். அங்கேதான் அது ஒதுங்கும்.

ஒன்று மட்டும் கவனம். வைக்கோலில் கை வைத்தபோது ஏதோ கடித்து, கடித்தது எதுவென்று தெரியாவிட்டால், அரணையாக இருக்கும் என்று சும்மா இருந்துவிடாதீர்கள். விரியனாகவும் இருக்கலாம். கடிவாயைக் கீறாமல், இறுக்கிக் கட்டாமல், உடனே அரசு மருத்துவமனைக்குச் செல்லுங்கள்.