புலிக்கு முன்னால் ஊர் இருந்தது

கன்ஹா தேசியப் பூங்காவில் பகல் முழுவதும் சுற்றுபவர்கள் தேடுவது புலியை. அவர்களுக்கு வழிகாட்டுபவர்களில் பலர், அதே காட்டிலிருந்து இடம்பெயர்க்கப்பட்ட ஊர்களின் பிள்ளைகள்.

டிசம்பர் அதிகாலை, மணி ஐந்தரை. மத்தியப் பிரதேசத்தின் கட்டியா நுழைவாயிலில் திறந்த ஜிப்ஸி வண்டிகள் வரிசையாக நிற்கின்றன. குல்லா, மஃப்ளர், விடுதிக்காரர்கள் கொடுத்த கம்பளி, அதற்குள் வெந்நீர்ப் பை சகிதம் பயணிகள் சுருண்டு கிடக்கிறார்கள். கன்ஹாவின் புல்வெளிகளில் இந்த மாதத்தில் உறைபனி படிவது சகஜம். அனுமதிச் சீட்டும் அடையாள அட்டைகளும் சரிபார்க்கப்படுகின்றன. பிறகு ஒவ்வொரு வண்டியிலும் சீருடை அணிந்த ஒருவர் ஏறி, ஓட்டுநருக்குப் பக்கத்தில் உட்காருகிறார். அவர்தான் வழிகாட்டி. அவருடைய பெயரைக் கேட்பவர்கள் குறைவு. முதலில் வரும் கேள்வி பெரும்பாலும் ஒன்றுதான்: நேற்று புலி வந்ததா?

மண்ட்லா, பாலாகாட் மாவட்டங்களில், மைக்கல் மலைத்தொடரின் மடியில் பரந்து கிடக்கிறது கன்ஹா. மையப்பகுதி மட்டும் சுமார் 940 சதுர கிலோமீட்டர். தென்னகத்திலிருந்து செல்பவர்கள் சென்னை-தில்லி ரயில் பாதையில் நாக்பூரில் இறங்கி, அங்கிருந்து ஐந்தாறு மணி நேரம் சாலையில் போக வேண்டும். கன்னியாகுமரியில் முடிகிற அதே 44-ம் எண் நெடுஞ்சாலைதான் சியோனி வரை அழைத்துச் செல்கிறது. வழியில் பெஞ்ச் காட்டுப்பகுதியில் சாலை தூண்களின் மேல் ஏறிவிடுகிறது. வாகனங்கள் மேலே, புலியும் மானும் கீழே. சியோனி மலைகள் கிப்ளிங்கின் ‘ஜங்கிள் புக்’ கதைகளுக்குக் களம் என்பதால், இந்த வட்டாரத்தில் மௌக்ளியின் பெயரைப் பலகையில் எழுதிக்கொள்ளாத வியாபாரம் குறைவு. கிப்ளிங் இந்தக் காடுகளுக்கு வந்து பார்த்தவரல்ல என்பது வியாபாரத்துக்குத் தடையாக இல்லை.

கன்ஹாவில் முழு நாள் காடு பார்ப்பது என்றால் பெரும்பாலோருக்குக் காலைச் சுற்றும் மாலைச் சுற்றும் சேர்ந்ததுதான். விடியலில் உள்ளே போய், வெயில் ஏறும் நேரத்தில் வெளியே வந்து, பிற்பகலில் மறுபடி நுழைந்து, சூரியன் மறைவதற்குள் திரும்பிவிட வேண்டும். ஒரு வண்டியில் ஆறு பயணிகளுக்கு மேல் அனுமதியில்லை. எந்த மண்டலத்துக்குச் சீட்டு வாங்கினார்களோ அந்த மண்டலத்தில் மட்டுமே சுற்றலாம். கன்ஹா, கிஸ்லி, முக்கி, சர்ஹி என்பவை மண்டலங்கள். புதன்கிழமை பிற்பகல் விடுமுறை. ஜூலை முதல் செப்டம்பர் வரை மையப்பகுதி மூடப்பட்டிருக்கும். வழியில் வண்டியை விட்டு இறங்கக் கூடாது, கத்தக் கூடாது, வழிகாட்டி இல்லாமல் சக்கரம் நகரக் கூடாது.

உள்ளே நுழைந்த முதல் அரை மணி நேரத்தில் பயணி பார்ப்பது சால மரங்களை. நெடுநெடுவென்று, ஒன்றைப் போலவே ஒன்று. வழிகாட்டி பார்ப்பது வேறு. அவருடைய கண் சாலையின் புழுதியில் இருக்கிறது. புலி வண்டிப் பாதையில் நடப்பதை விரும்புகிறது. சருகில் கால் வைத்தால் சத்தம் கேட்கும், புழுதி மெத்தென்றிருக்கும். இரவில் போன சுவடா, விடிந்த பிறகு பதிந்ததா என்பதை அதன் மேல் விழுந்திருக்கும் பனித்துளியும், குறுக்கே போன பூச்சியின் தடமும் சொல்லிவிடும். ஒரு மரத்தின் பட்டையில் நகம் கீறிய வடு. இன்னொரு மரத்தடியில் புலி பீய்ச்சிவிட்டுப் போன சிறுநீரின் நெடி. அது எல்லைக்கல் நட்டதற்குச் சமம்.

பிறகு வண்டியை நிறுத்தச் சொல்கிறார். என்ஜின் அணைகிறது. இனி காதுதான் வேலை செய்யும். புள்ளிமான் கூச்சலிட்டால் உடனே நம்பிவிடுவதில்லை. சிறுத்தைக்கும் செந்நாய்க்கும், சில நேரம் காரணமே தெரியாமலும் அது கத்தும். மரத்தின் மேலிருந்து மந்தி இருமுவதைப் போல் குரல் கொடுத்தால் சற்று நிமிர்ந்து உட்காருகிறார். கடமான் கத்தினால் விஷயம் உறுதி. கடமான் வீணாகக் கத்துவதில்லை என்பது இந்தக் காட்டின் சட்டம். குரல் எந்தத் திசையில் நகர்கிறது, எங்கே நின்றது என்பதை வைத்து, புலி எந்த இடத்தில் பாதையைக் கடக்கும் என்று கணக்குப் போட்டு வண்டியை அங்கே கொண்டுபோய் நிறுத்துகிறார்கள். கணக்கு பல நாள் பொய்க்கிறது. பலிக்கும் நாளில் புலி, தன்னைச் சுற்றி யாருமே இல்லாததைப் போல் இருபதடி தூரத்தில் நடந்து போகிறது.

சிக்கல் அப்போதுதான் ஆரம்பம். ஒரு வண்டி நின்றால் பத்து வண்டி வருகிறது. ‘கொஞ்சம் முன்னால் போ’ என்று பின்னாலிருந்து தோளைத் தட்டுகிறார்கள். வாகன நெரிசலுக்குப் பயந்து நகரத்திலிருந்து ஓடிவந்தவர்கள் காட்டின் நடுவில் அதே நெரிசலை உண்டாக்குகிறார்கள். புலி தென்பட்ட செய்தியைப் பரப்பியதில் கைப்பேசிக்குப் பெரிய பங்கு உண்டு. 2025 நவம்பரில் உச்ச நீதிமன்றம், கார்பெட் பூங்கா தொடர்பான வழக்கில் அளித்த தீர்ப்பில், புலிகள் காப்பகங்களின் மையப்பகுதிச் சுற்றுலாவில் கைப்பேசிப் பயன்பாட்டை அனுமதிக்கக் கூடாது என்றது. அதற்கு முன் 2012 ஜூலையில் மையப்பகுதிச் சுற்றுலாவையே அது இடைக்காலமாகத் தடை செய்திருந்தது. விதிமுறைகள் வகுக்கப்பட்ட பிறகு அக்டோபரில் தடை விலகியது. மையப்பகுதியில் 20 சதவீதத்துக்கு மேல் சுற்றுலாவுக்கு ஒதுக்கக் கூடாது என்பது அந்த விதிகளில் ஒன்று. அதாவது பயணி நாள் முழுக்கச் சுற்றினாலும் பார்ப்பது காட்டின் ஒரு சிறு துண்டைத்தான்.

எண்ணிக்கை என்று பார்த்தால், 2022 கணக்கெடுப்பின்படி கன்ஹா காப்பகத்துக்குள் இருந்த புலிகள் 105. அதே கணக்கில் நம் முதுமலையில் 114. புலிக்காக மட்டும் ஆயிரத்துச் சொச்சம் கிலோமீட்டர் வருகிறவர்கள் இதை ஒருமுறை யோசித்துப் பார்க்கலாம். ஆனால் முதுமலையில் இல்லாத ஒன்று, கன்ஹாவைத் தவிர வேறெங்கும் அழிந்தே போயிருந்த ஒன்று, இங்கே புல்லில் மேய்ந்துகொண்டிருக்கிறது. பல வண்டிகள் அதைத் தாண்டி வேகமாகப் போய்விடுகின்றன.

அது பாரசிங்கா மான். பன்னிரண்டு கிளைக் கொம்பு என்பது பெயரின் பொருள். இதன் உறவு இனங்கள் தராயிலும் அஸ்ஸாமிலும் சதுப்பு நிலத்தில் வாழ்கின்றன. கன்ஹாவின் இனம் மட்டும் கெட்டித் தரைக்குப் பழகிக்கொண்டது. தின்பது ஏறத்தாழப் புல்லை மட்டுமே. குட்டியை ஒளித்துவைக்க உயரமான புல் வேண்டும். புல் போனால் மான் போயிற்று. 1938-ல் சுமார் 3,000 இருந்ததாகக் கணக்கிடப்பட்ட இந்த மான்கள் 1970-ல் 66 ஆகக் குறைந்தன. வேட்டை, கால்நடை மேய்ச்சல், நோய், காட்டுத் தீ எல்லாம் பங்கு வகித்தன. வேட்டையாடிகள் வர முடியாத வேலிக்குள் சில மான்களை வைத்துப் பெருக்கினார்கள். இன்று அவை பல நூறு. 2015-ல் சாத்புரா காப்பகத்துக்கும், 2023-ல் பாந்தவ்கருக்கும் சில அனுப்பப்பட்டன. டிசம்பர், ஜனவரி இவற்றின் இணை சேரும் பருவம். ஆண் மான்கள் புல்லைக் கொம்பில் வாரிச் சூடிக்கொண்டு, கழுத்தை நீட்டிக் கனைக்கின்றன. காலை உணவுக்காகக் கன்ஹா அருங்காட்சியகத்தின் அருகே வண்டிகள் நிற்கும்போது, கையில் அவித்த முட்டையும் தேநீருமாக நிற்பவர்கள் காதிலும் அந்தக் கனைப்பு விழுகிறது. பார்க்கத்தான் பலருக்கு நேரமில்லை.

இந்த மான் பிழைத்ததற்கு வேலி மட்டும் காரணமல்ல. புல்வெளி எங்கிருந்து வந்தது என்பதையும் கேட்க வேண்டும். 1933-ல் சரணாலயம், 1955-ல் தேசியப் பூங்கா, 1973-ல் தொடங்கிய புலிகள் திட்டத்தின் முதல் ஒன்பது காப்பகங்களில் ஒன்று என்று கன்ஹாவின் பட்டியல் பெருமைக்குரியது. இங்கே 1960-களில் ஜார்ஜ் ஷாலர் செய்த ஆய்வு 1967-ல் நூலாக வந்து, இந்தியப் புலியைப் பற்றிய அறிவியலுக்கு அடித்தளம் ஆனது. அவர் இருந்த காலத்தில் பூங்காவுக்குள் ஊர்கள் இருந்தன, ஏர் ஓடியது, மாடு மேய்ந்தது. 1969-ல் சோன்ஃப் கிராமம் அகற்றப்பட்டது. அதன் வயல்களில் புல் வளர்ந்தது, மான் வந்து சேர்ந்தது. அடுத்தடுத்து மேலும் பல ஊர்கள் போயின. இன்று பயணிகள் ‘இயற்கையின் கொடை’ என்று படம் எடுக்கும் பசும்வெளிகளில் பல, கோண்டுகளும் பைகாக்களும் உழுத நிலங்கள். காட்டுக்குள் மாமரங்கள் கூட்டமாக நிற்கும் இடத்தைக் கண்டால் அங்கே வீடுகள் இருந்திருக்கலாம் என்று ஊகிக்கலாம். பயணி கேட்டால் வழிகாட்டி சொல்வார். கேட்காவிட்டால் புள்ளிமானைக் காட்டிவிட்டு மேலே போவார்.

பைகாக்களின் கதை தனி. ஏரால் உழுவது பூமித் தாயின் மார்பைக் கிழிப்பது என்று நம்பி, காட்டை வெட்டி எரித்துச் சாம்பலில் விதைத்தவர்கள். பிரிட்டிஷ் அரசு அதைத் தடுத்தது. வெரியர் எல்வின் 1939-ல் இவர்களைப் பற்றி ஒரு பெரிய நூலே எழுதினார். புலியின் வாயைக் கட்டும் மந்திரம் பைகா பூசாரிகளுக்குத் தெரியும் என்பது இந்தப் பக்கத்து நம்பிக்கை. புலியோடு தலைமுறை தலைமுறையாகக் குடியிருந்தவர்களுக்குப் புலியைக் காப்பாற்றும் திட்டத்தில் இடமில்லாமல் போனது. உரிமம் பெற்று இங்கே சுமார் 30 புலிகளைச் சுட்டுத் தள்ளியவர் ஒரு சமஸ்தானத்து இளவரசர், பைகா அல்ல. வெளியேறும் குடும்பத்துக்கான நிவாரணத் தொகை 2008-ல் ஒரு லட்சத்திலிருந்து ரூ.10 லட்சமாகவும், 2021-ல் ரூ.15 லட்சமாகவும் உயர்த்தப்பட்டது. 2014-ல் பைகா, கோண்டு குடும்பங்கள் கன்ஹாவிலிருந்து வெளியேற்றப்பட்டபோது பழங்குடி உரிமை அமைப்புகள் கண்டனம் தெரிவித்தன. விருப்பத்தின் பேரில்தான் போனார்கள் என்றது வனத்துறை. ரொக்கமாகக் கிடைத்த பணத்தை நிலமாக மாற்றத் தெரியாதவர்களிடம் விருப்பம் என்ற சொல்லுக்கு எவ்வளவு எடை என்பது இன்னும் தீராத வழக்கு. அதே நேரத்தில், அந்த ஊர்கள் உள்ளேயே இருந்திருந்தால் 66 மான்கள் பல நூறு ஆகியிருக்குமா என்ற கேள்வியையும் தட்டிக்கழிக்க முடியாது.

பகல் பதினொரு மணிக்கு வண்டிகள் வெளியே வருகின்றன. பயணிகள் குளித்து, சாப்பிட்டு, உறங்கப் போகிறார்கள். நுழைவாயிலைச் சுற்றியுள்ள உயர்தர விடுதிகளில் ஓர் இரவு வாடகை, வழிகாட்டியின் ஒரு மாத வருமானத்தை எளிதாக விஞ்சிவிடும். அவருக்குச் சுற்றுக்கு இவ்வளவு என்று கட்டணம். முறை வைத்து அழைப்பார்கள். காப்பகம் மூடியிருக்கும் மழை மாதங்களில் அந்த வருமானமும் சுருங்கிவிடும். நெல் வயல் இருந்தால் வயல், இல்லாவிட்டால் கூலி. வெயில் காலத்தில் வீட்டுப் பெண்கள் இலுப்பைப் பூ பொறுக்குகிறார்கள், பீடி இலை பறிக்கிறார்கள். தெந்து இலை உற்பத்தியில் மத்தியப் பிரதேசம்தான் முதலிடம். நெல்லைப் பக்கத்தில் பெண்கள் மடியில் முறம் வைத்துச் சுற்றும் பீடிக்கு மத்திய இந்தியக் காடுகளிலிருந்துதான் இலை வருகிறது. விடியலுக்கு முன் பூ பொறுக்கக் குனிந்தவர்களைப் புலியோ கரடியோ தாக்கிய சம்பவங்கள் இந்த வட்டாரத்துக்குப் புதிதல்ல. பயணி பணம் கட்டித் தேடும் மிருகம், இவர்கள் வேண்டிக்கொண்டு விலக நினைக்கும் மிருகம். அண்மை ஆண்டுகளில் பெண்களும் வழிகாட்டிச் சீருடை அணிந்திருக்கிறார்கள் என்பது ஒரு மாற்றம்.

மாலைச் சுற்றில் பரபரப்பு குறைகிறது. காலையில் புலி பார்த்தவர்கள் நிம்மதியாகவும், பார்க்காதவர்கள் பாதி நம்பிக்கை இழந்தும் வருவதால், வழிகாட்டி காட்டுவதைக் கொஞ்சம் கவனிக்கிறார்கள். சிரவண தால் என்ற குளத்தில் நீர்ப்பறவைகள். தசரதன் இருளில் ஒலியைக் குறிவைத்து அம்பெய்து, பெற்றோருக்குத் தண்ணீர் எடுக்க வந்த சிரவணனைக் கொன்றது இங்கேதான் என்று ஊர் மரபு சொல்கிறது. ஒலியைக் கேட்டு வேட்டையாடிய கதையின் இடத்தில், ஒலியைக் கேட்டே புலி தேடுகிறார்கள். பாம்னி தாதர் மேட்டுநிலத்தில் காட்டெருதுகள், வெள்ளைக் காலுறை அணிந்தவை போல், மூங்கிலுக்குள்ளிருந்து தலையை மட்டும் நீட்டிப் பார்க்கின்றன. கீழே சால வனம் அலை அலையாக இறங்கி, தூரத்தில் நீலமாகிவிடுகிறது. அந்த இடத்தில் பயணிகள் தாமாகவே பேச்சைக் குறைத்துக்கொள்கிறார்கள்.

சூரியன் மறைவதற்கு முன் கதவுக்குப் போய்ச் சேர வேண்டும், தாமதித்தால் தண்டனை வண்டிக்காரருக்கும் வழிகாட்டிக்கும்தான். ஆகவே கடைசிக் கால் மணி நேரம் புழுதி பறக்கிறது. நுழைவாயிலில் பதிவேட்டில் வண்டி எண்ணும் நேரமும் குறிக்கப்படுகின்றன. வழிகாட்டி இறங்குகிறார். பயணிகள் கையில் ஏதோ கொடுக்கிறார்கள். புலி வந்த நாளில் அது சற்று அதிகம். மறுநாள் தன் முறை காலையா மாலையா என்று கேட்டுத் தெரிந்துகொண்டு, மோட்டார் சைக்கிளை உதைத்துக் கிளப்பி, வெளிவட்டக் கிராமத்துக்குப் போகும் மண்பாதையில் திரும்புகிறார். அந்தப் பாதையின் ஓரத்திலும் சால மரங்கள்தான். அங்கே இரவில் புலி வந்தால் முதலில் சத்தம் போடுவது கடமான் அல்ல, வீட்டு மாடு.