கல்வியும் தொழிற்பயிற்சியும் தேடித்தரும் செல்வம்

மலேசியாவின் செலாயாங் மருத்துவமனை 1999இல் திறக்கப்பட்டபோது, நோயாளியின் குறிப்பேடு, எக்ஸ்ரே படம், மருந்துச் சீட்டு ஆகியவற்றைக் கணினிக்குள் கொண்டுவந்த முன்னோடியாக அது பேசப்பட்டது. ஆனால் கருவிகளை விலைக்கு வாங்கிவிடலாம் எனினும், அவற்றைக் கையாளும் தாதியரையும் தொழில்நுட்பரையும் பல ஆண்டுப் பயிற்சியின்றி உருவாக்க இயலாது. இவ்வாறு மனிதரிடம் சேரும் அறிவையும் திறனையும் பொருளியலாளர் 'மனித மூலதனம்' என்பர். தியோடர் ஷுல்ட்ஸ், கேரி பெக்கர் ஆகியோர் இக்கருத்தை வளர்த்தெடுத்தனர்.

மனித மூலதனத்தின் பற்றாக்குறை தலைமுறை கடந்தும் தொடரும் என்பதற்கு மலாயாத் தோட்டப்புறமே சான்று. பள்ளி வயதுப் பிள்ளைகள் 10 பேர் இருந்தால் தோட்ட நிர்வாகம் பள்ளி நடத்த வேண்டும் என 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம் விதித்தது; ஆயினும் அங்குக் கிடைத்த தொடக்கக் கல்வி, பெரும்பாலோரைப் பால்மரம் வெட்டும் வேலைக்கு அப்பால் கொண்டுசெல்லவில்லை. பின்னர் தோட்டங்கள் துண்டாடப்பட்டும் வீடமைப்பு நிலங்களாக மாறியும் போனபோது, பட்டணம் வந்த குடும்பங்கள் பல, கைவசம் வேறு தொழிலின்றிக் குறைந்த கூலிக்கே உழைக்க நேர்ந்தது.

பயிற்றுவித்த ஆளை அடுத்த நிறுவனம் தட்டிக்கொண்டு போய்விடும் என்ற அச்சத்தால் முதலாளிகள் பயிற்சிக்குச் செலவிடத் தயங்குவது எங்கும் உள்ள சிக்கல். இதற்குத் தீர்வாக, மலேசியாவில் 1992ஆம் ஆண்டு மனிதவள மேம்பாட்டுச் சட்டத்தின்கீழ் தொடங்கிய ஏற்பாட்டில், நிறுவனங்கள் சம்பளத் தொகையில் 1 விழுக்காட்டை 'லெவி' என்னும் கட்டாயப் பங்களிப்பாகச் செலுத்தி, அதைத் தம் ஊழியரின் பயிற்சிக்கே பயன்படுத்திக்கொள்கின்றன. எனினும், வாசிப்பும் கணக்கும் தொடக்கப் பள்ளியிலேயே கைவராதவருக்குப் பிற்காலப் பயிற்சி முழுப்பயன் தராது என்பதால், முதலாம் ஆண்டு வகுப்பறைக்குச் செய்யும் செலவே நாட்டின் நீண்டகால வருமானத்திற்கு இடப்படும் முதலீடாகும்.