மோடைப் புதுப்பித்தால் ஆட்டம் ஏன் நிற்கிறது?

2011 நவம்பரில் பெதஸ்டா வெளியிட்ட ஸ்கைரிம் என்னும் கணினி விளையாட்டில், ரசிகர்கள் இயற்றிய மோடு என்னும் மாற்றத் தொகுப்புகளை நூற்றுக்கணக்கில் அடுக்கி ஆடுவோர், அவற்றுள் ஒன்றைப் புதுப்பித்த மறுகணமே, நேற்றுவரை சுகமாக ஓடிய ஆட்டம் ஸ்தம்பித்து நிற்கக் கண்டு திகைப்பதுண்டு.

காரணம் சேமிப்புக் கோப்பின் சுபாவத்தில் இருக்கிறது. வீரன் நின்ற இடத்தையும் அவன் பையிலுள்ள வாளையும் மாத்திரமன்றி, பாபிரஸ் என்னும் நிரல்மொழியில் அக்கணம் பாதி ஓடிக்கொண்டிருந்த ஸ்கிரிப்டுகளையும், அவற்றின் மாறிகள் தாங்கிய மதிப்புகளையும் அது சேர்த்தே பதிந்துகொள்கிறது. ஆகவே, மோடின் கர்த்தா புதிய பதிப்பில் ஒரு ஸ்கிரிப்டை நீக்கிவிட்டால், பழைய சேமிப்பு, காலிசெய்த வீட்டின் விலாசத்துக்கே கடிதம் எழுதுகிறவரைப் போல, இல்லாத ஒன்றைத் தேடிக்கொண்டிருக்கும்.

விளையாட்டே புதுப்பிக்கப்படும்போது நேரும் விபரீதம் வேறு. ஸ்கிரிப்ட் எக்ஸ்டெண்டர் என்னும் துணைநிரல், விளையாட்டு நிரலின் குறிப்பிட்ட நினைவக முகவரிகளை நம்பியே இயங்குவது. 2021 நவம்பரில் ஆண்டுநிறைவுப் பதிப்பையொட்டி விளையாட்டு நிரல் புதிய கம்பைலரால் தொகுக்கப்பட்டபோது, அம்முகவரிகள் இடம்பெயர்ந்து, அத்துணைநிரலைச் சார்ந்த மோடுகள் பல ஏககாலத்தில் செயலற்றுப்போயின.

ஆகையால் ஸ்டீம் என்னும் விளையாட்டு விற்பனைத் தளத்தில் தானியங்கிப் புதுப்பிப்பை அடக்கிவைப்பதும், மோடுகளை நிர்வகிக்கும் மோட் ஆர்கனைசர் என்னும் நிரல் ஒவ்வொரு மோடுக்கும் அளிக்கும் தனிக் கோப்புறையில் பழைய பதிப்பை அழிக்காது காப்பதும், சேமிப்பின் பிரதியொன்றை வேறிடத்தில் வைத்தபின், ஒவ்வொன்றாகப் புதுப்பித்துச் சற்று ஆடிப்பார்ப்பதும் விவேகம். மரம், பாறை முதலியவற்றின் தோற்றத்தை மாத்திரம் மாற்றும் மோடுகளுக்கு இவ்வளவு அச்சம் அநாவசியம். கதைப்போக்கைத் தொடுபவற்றையோ, நடப்பு ஆட்டம் முடியும்வரை தொடாதிருப்பதே உசிதம் என்பது என் அபிப்பிராயம்.