போல்ட் குழிக்குள் ஓர் உப்பளம்

சிவகாசியை ஒட்டிய திருத்தங்கலில் இருக்கும் என் பெரியம்மா முப்பது வருஷம் தீப்பெட்டி ஆபீசில் தரையில் உட்கார்ந்து கட்டை அடுக்கியவர். முழங்கால் மடங்க மறுத்த பிறகு வீட்டில் வெஸ்டர்ன் டாய்லெட் வைத்துக் கொடுத்தோம். மூன்றாவது வருஷம் ஒருநாள் போனில் கூப்பிட்டார். "ஏய்யா, உட்கார்ந்தா சீட்டு ஒரு பக்கமா வழுக்கிட்டுப் போகுதுய்யா, பயமா இருக்கு."

போய்ப் பார்த்தால் சீட்டில் ஒரு கீறல்கூட இல்லை. அதைப் பீங்கானோடு பிடித்து நிறுத்தும் இரண்டு போல்ட்டில் ஒன்று துருவேறி நடுவில் அறுந்திருந்தது. மேல்மூடியைத் திறந்தால் போல்ட்டின் தலை மட்டும் சிவப்புப் பொடியில் உட்கார்ந்திருக்கிறது. குழியைச் சுற்றி, விரலால் சுரண்டினால் உதிரும் வெள்ளைப் படிவு.

அந்த வெள்ளைதான் விஷயத்தைச் சொல்கிறது. விருதுநகர் மாவட்டத்தில் தமிழ்நாட்டுச் சராசரியைவிட மழை குறைவு. 1920-களின் தொடக்கத்தில் சிவகாசியைச் சேர்ந்த அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழிலைக் கற்றுவந்தபோது, குச்சியும் மருந்தும் சீக்கிரம் காய்வதற்கு இந்த வறண்ட காற்றுதான் கைகொடுத்தது. அதே வறட்சிக்கு மறுபக்கமும் உண்டு. குடிக்க நல்ல தண்ணி தனியாக வரும். குளிக்க, கழுவ, கக்கூசுக்கு எல்லாம் போர் போட்டு எடுக்கும் உப்புத் தண்ணிதான். நாம் தண்ணீர் ஊற்றிக் கழுவுகிறவர்கள். தாளால் துடைக்கும் நாடுகளில் உலர்ந்தே கிடக்கும் சீட்டின் பின்பகுதி, நம் வீட்டில் ஒரு நாளைக்குப் பத்துத் தடவை நனைகிறது. நனைந்த தண்ணீர் போல்ட் குழியில் தேங்கும், காற்றில் காயும், உப்பை விட்டுவிட்டுப் போகும். அடுத்த தடவை தேங்குவது இன்னும் கொஞ்சம் உப்பேறிய தண்ணீர். தூத்துக்குடிப் பாத்திகளில் கடல்நீர் காய்ந்து உப்பாவதும் இந்த வழியில்தான். ஒரு ரூபாய்க் காசு அளவுகூட இல்லாத அந்தக் குழிக்குள் ஓர் உப்பளமே நடக்கிறது.

உப்பில் இருக்கும் குளோரைடு இரும்புக்கு எமன். சாதாரண இரும்பின் மேல் பளபளப்புக்காக முலாம் பூசியிருந்தால், முலாமில் ஊசிமுனை அளவு விரிசல் போதும். "ஸ்டெயின்லெஸ் ஸ்டீல்தானே" என்று நிம்மதியாக இருக்கவும் முடியாது. அதில் குறைந்தது 10.5 சதவீதம் குரோமியம் உண்டு. அந்தக் குரோமியம் காற்றோடு சேர்ந்து சில நானோமீட்டர் தடிமனில் ஒரு காப்புத் தோலை உண்டாக்கிக்கொள்ளும். கண்ணுக்குத் தெரியாத அந்தத் தோல்தான் எஃகைக் காக்கிறது. குளோரைடு அதில் பொத்தல் போடும். கறை போக நாம் ஊற்றும் ஆசிட் ஹைட்ரோகுளோரிக் அமிலம். அதிலும் இருப்பது குளோரைடே. (ஆசிட்டையும் பிளீச்சிங் பவுடரையும் ஒருபோதும் சேர்த்துப் போடாதீர்கள். கிளம்பும் குளோரின் வாயு ஆளையே சாய்த்துவிடும்.)

பட்டாசு ஆபீசில் மருந்து அறைக்குள் இரும்புச் சாமான் போகக்கூடாது என்பது எங்கள் ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அங்கே பயம் பொறி. இங்கே பயம் துரு. ஆனால் விதியை அப்படியே எடுத்துக்கொள்ளலாம்: புது சீட் வாங்கும்போது முதலில் போல்ட்டைப் பாருங்கள், சீட்டை அப்புறம் பார்க்கலாம். நைலான் போன்ற பிளாஸ்டிக் போல்ட், நட் இருந்தால் நம் உப்புத் தண்ணிக்கு அதுவே சரி.

பழைய போல்ட்டைக் கழற்றுவதுதான் கடினமான வேலை. இரும்பு துருவாகும்போது இரண்டு மடங்குக்கு மேல் பருக்கும். அதனால் நட் போல்ட்டை இறுக்கிப் பிடித்துக்கொள்ளும். மண்ணெண்ணெய் விட்டு ஓர் இரவு ஊறவையுங்கள். அசையாவிட்டால் ஆக்ஸா பிளேடால் அறுக்க வேண்டியதுதான். பீங்கானில் பல் படாமல் இடையில் ஒரு கனத்த அட்டையைச் செருகிக்கொள்ளுங்கள். சுத்தியலை மட்டும் எடுக்காதீர்கள். 1,200 டிகிரி சூட்டில் வெந்த பீங்கான் அமுக்கும் பாரத்தை நன்றாகத் தாங்கும், அடியையும் இழுவையையும் தாங்காது. துளையின் ஓரத்தில் ஒரு மயிரிழை விரிசல் விழுந்தால் கோப்பையையே மாற்ற வேண்டிவரும்.

புது சீட்டுக்கு அளவெடுக்கக் காலண்டர் அச்சடிக்கும் சிவகாசிக்காரர்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. வீட்டுக்கு வீடு பழைய மாதக் காலண்டர் இருக்கும். ஒரு தாளைத் திருப்பிப் போட்டுக் கோப்பையின் விளிம்பை அப்படியே வரைந்து, இரண்டு துளைகளையும் குறித்து, வெட்டிக் கடைக்கு எடுத்துப் போங்கள். துளை மையத்திலிருந்து துளை மையம் பெரும்பாலும் 14 முதல் 16 சென்டிமீட்டருக்குள் இருக்கும். துளைகளுக்கு நடுவிலிருந்து முன்விளிம்பு வரை உள்ள நீளமும், அதிகபட்ச அகலமும் தாளிலேயே கிடைத்துவிடும். முன்பக்கம் முட்டை வடிவமா, சதுரம் போன்றதா என்று கடைக்காரர் கேட்கும்போது தாளை நீட்டினால் போதும்.

கடையில் இரண்டு சாதி பிளாஸ்டிக் இருக்கும். ஒன்று பாலிபுரோப்பிலீன். கருப்பட்டி மாதிரி: காய்ச்சினால் இளகும், ஆறினால் இறுகும், திரும்பக் காய்ச்சினால் திரும்ப இளகும். அதன் மூலக்கூறுகள் தனித்தனி நூல்கள். சுமார் 160 டிகிரியில் ஒன்றையொன்று விட்டு நழுவும். மற்றது யூரியா ஃபார்மால்டிஹைடு. இது சாத்தூர் சேவு மாதிரி. எண்ணெயில் வெந்த சேவைத் திரும்ப மாவாக்க முடியுமா? அச்சுக்குள் சூட்டிலும் அழுத்தத்திலும் நூலும் நூலும் முடிச்சுப் போட்டுக்கொண்டு ஒரே வலையாகிவிடுகிறது. அப்புறம் எந்தச் சூட்டிலும் உருகாது, அதிகச் சூட்டில் கருகும். வயலுக்குப் போடும் யூரியாதான் இதற்கும் ஒரு மூலப்பொருள் என்பது எனக்கு இன்றும் ஆச்சரியம்.

இரண்டையும் அடையாளம் காண ஆய்வுக்கூடம் வேண்டாம். நகத்தால் தட்டுங்கள், யூரியா வகை பீங்கான் தட்டு மாதிரி கணீரென்று கேட்கும், மற்றது மொத்தென்று கேட்கும். பெரியம்மா வீட்டுப் பழைய சீட்டில் ஒரு துண்டை உடைத்து வாளித் தண்ணீரில் போட்டேன், மிதந்தது. பாலிபுரோப்பிலீன் தண்ணீரைவிட லேசு, அடர்த்தி 0.9. யூரியா வகை 1.5, மூழ்கிவிடும். முதியவர்களுக்கு நான் சொல்வது இந்தக் கனமான வகையைத்தான். வளையாது, எளிதில் கீறல் விழாது. கீழே போட்டால் உடையும், அவ்வளவே. எதை வாங்கினாலும் ஐ.எஸ். 2548 என்ற எண்ணோடு ஐ.எஸ்.ஐ. முத்திரை இருக்கிறதா பாருங்கள்.

மெதுவாகத் தானே மூடிக்கொள்ளும் வகை சீட் என்றால், அதன் கீலுக்குள் கெட்டியான சிலிக்கோன் கிரீஸ் இருக்கும். வேகமாகத் தள்ளினால் அதிகமாக எதிர்க்கும், மெல்ல விட்டால் வழிவிடும். அவசரப்பட்டுக் கையால் அமுக்கி மூடுவதுதான் அதைக் கெடுக்கும்.

பொருத்தும்போது பீங்கானுக்கும் நட்டுக்கும் நடுவில் ரப்பர் வாஷர் போட மறக்காதீர்கள். கையால் முடிந்த அளவு இறுக்கி, அதற்கு மேல் கால் சுற்று. சீட்டின் அடியில் இருக்கும் ரப்பர் குமிழ்கள் எல்லாம் விளிம்பில் உட்கார வேண்டும். ஒன்று தூக்கி நின்றாலும் உட்காருகிறவரின் பாரம் கீலுக்குப் போகும். எழும்போது முதியவர்கள் ஒரு கையை ஊன்றிப் பக்கவாட்டில் திரும்புவார்கள். சீட் நழுவுவது அந்த நொடியில்தான். ஆகவே மேலிருந்து அமுக்கிப் பார்த்தால் போதாது, இடமும் வலமும் தள்ளிப் பாருங்கள். ரப்பர் அமுங்கி இடம் பிடித்த பிறகு, ஒரு வாரம் கழித்து நட்டை இன்னொரு தடவை கையால் இறுக்குங்கள்.

உங்கள் வீட்டில் பெரியவர்கள் இருந்தால் இன்றைக்கே போய் அந்த சீட்டைப் பக்கவாட்டில் ஒருமுறை தள்ளிப் பாருங்கள். அவர்கள் கூச்சப்பட்டுச் சொல்லாமல் இருப்பார்கள்.