காதல் கதையில் அம்மாவுக்கு என்ன வேலை?



டி.வி. தொடரில் காதல் கதை வந்தால் அம்மா ஒன்று அழுவாள், இல்லைன்னா மகளை அறைக்குள்ள பூட்டுவாள். சுமார் 2000 ஆண்டு பழமையான சங்கப் பாடல்களில் அம்மாவுக்கு இதைவிடப் பெரிய வேலை இருக்கிறது.

அந்தக் காதல் பாட்டுகளில் யாருக்கும் பெயர் கிடையாது. எந்த வீட்டுக் கதையாகவும் இருக்கலாம். பெண்ணுக்கு இரண்டு அம்மா. பெற்றவள் நற்றாய், வளர்த்தவள் செவிலித்தாய். செவிலியின் மகள்தான் தோழி.

அம்மா என்ன செய்கிறாள்?

* மகள் மேல் சந்தேகம் வந்தால் வெளியே விடமாட்டாள். இதற்கு இற்செறிப்பு என்று பெயர்.

* மகள் மெலிந்து போனால் 'சாமி குத்தமோ' என்று பயந்து வேலனை அழைத்து ஆடவைப்பாள். இது வெறியாட்டு. இன்றைக்கு நாம கோடாங்கியிடம் குறி கேட்கிற மாதிரிதான்.

* உண்மை தெரிந்ததும் வீட்டு ஆண்களிடம் எடுத்துச் சொல்வாள். பெண் தோழியிடமும், தோழி செவிலியிடமும், செவிலி நற்றாயிடமும், நற்றாய் அப்பா, அண்ணன்மாரிடமும் சொல்ல வேண்டும். கபிலர் எழுதிய குறிஞ்சிப்பாட்டு முழுவதும், தோழி செவிலியிடம் விஷயத்தைச் சொல்வதுதான்.

இப்படிச் சொல்வதற்கு நம் முன்னோர் வைத்த பெயர் 'அறத்தொடு நிற்றல்'. மானம் போச்சு என்று சொல்லவில்லை, அறம் என்றார்கள்!

பேச்சு எடுபடாத வீட்டில் பெண் காதலனோடு போய்விடுவாள். அதன்பிறகு தாய் புலம்புவதற்கென்றே ஐங்குறுநூறு நூலில் பத்துப் பாட்டு தனியாக இருக்கிறது.

நமக்கு என்ன பாடம்?

மகளுக்குக் காதல் என்று தெரிந்தால் பல வீட்டில் உடனே படிப்பை நிறுத்தி, அவசரமாக மாப்பிள்ளை பார்க்கிறார்கள். பெண்ணுக்கு 18 வயது முடியும் முன் கல்யாணம் செய்து வைப்பது 2006-ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். 18 முடிந்த பெண்ணையும் அவள் சம்மதமில்லாமல் கட்டிவைக்கக் கூடாது.

அடித்தால் பிள்ளை வாயை மூடிக்கொள்வாள். அப்புறம் ஆபத்து வந்தாலும் நம்மகிட்ட சொல்லமாட்டாள். முதலில் உட்காரவைத்துக் கேளுங்கள். வீட்டு ஆண்கள் கோபத்தில் கை ஓங்கினால் நடுவில் நில்லுங்கள். தனியாக முடியவில்லையா? குழுவில் சொல்லுங்கள். சிறுமிகளுக்கு 1098, பெண்களுக்கு 181, இலவசமாக அழைக்கலாம்.

அடுத்த குழுக் கூட்டத்தில் இதைப் பேசுவோமா? 'என் மகள் என்னிடம் எதையும் சொல்வாள்' என்று நம்மில் எத்தனை பேர் கை தூக்க முடியும்?