சாரையும் புடையனும்: வயலோரச் சிறுவர் அறிய வேண்டியவை

கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர் ஆகிய ஊர்களுக்கு மேற்கே, கல்லோயா நீர் பாயும் வயல் வட்டைகளில் அறுவடை தொடங்கியதும், பள்ளி விட்ட சிறுவர் கையிற் கம்புடன் வரம்புகளில் வந்து நிற்பதுண்டு. வெட்டும் இயந்திரம் வயலின் நடுவை நெருங்க நெருங்க, மறைவிழந்த எலிகளும் அவற்றைத் தேடி வந்த பாம்புகளும் வரம்பை நோக்கி ஓடிவரும். கம்பு முதலில் விழுவது பாம்பின் தலையில். எலியோ தப்பி அடுத்த வரம்பிற் புகுந்துவிடும். செத்த பாம்பைக் கம்பிற் தூக்கிக்கொண்டு வீடு வரும் மகனை வாப்பாவும் தட்டிக் கொடுப்பார். அப்பாம்பு பெரும்பாலும் சாரையாகவே இருக்கும்.

சாரைக்கு நஞ்சு இல்லை. இரண்டு மீற்றருக்கு மேலும் வளரக்கூடிய இப்பாம்பு பகலில் இரை தேடுவது. எலி வளையினுள் நுழைந்து குஞ்சுகளையும் விழுங்குவது. வயலெலி முற்றிய கதிரைக் கத்தரித்துத் தன் வளையிற் சேமிப்பதையும், வரம்பைக் குடைந்து நீரை ஒழுகவிடுவதையும் கமக்காரர் அறிவர். எலியின் சிறுநீரினாற் பரவும் எலிக்காய்ச்சல் 2008 ஆம் ஆண்டில் இலங்கையில் 7,000 பேருக்கு மேற்பட்டோரைப் பீடித்தது. சேற்றில் இறங்கி வேலை செய்வோரையே அந்நோய் அதிகம் நாடுகின்றது. எலிக்கு நஞ்சு வாங்கப் பணம் செலவிடும் ஒருவர், கூலியின்றி அதே வேலையைச் செய்யும் பிராணியைத் தம் பிள்ளையைக் கொண்டே கொல்விப்பது விந்தையான கணக்கு.

எனினும் பெற்றோரின் அச்சம் காரணமற்றதன்று. 2012, 2013 ஆம் ஆண்டுகளில் இந்நாடு முழுவதும் வீடு வீடாக நடத்தப்பெற்ற கணக்கெடுப்பின்படி, ஓராண்டிற் பாம்புக் கடிக்கு ஆளானோர் ஏறத்தாழ 80,000 பேர். உடலில் நஞ்சேறியோர் ஏறத்தாழ 30,000 பேர். இறந்தோர் ஏறத்தாழ 400 பேர். இவ்விரு செய்திகளையும் ஒருங்கே மனத்திற் கொண்டே பிள்ளைகளுக்குக் கற்பித்தல் வேண்டும். "பாம்பு நல்லது" என்று மட்டும் சொல்லிக் கொடுப்பது, "பாம்பைக் கண்டால் அடி" என்று சொல்லிக் கொடுப்பதைப் போலவே ஆபத்தானது.

கண்ணாடி விரியன் எனப்படும் புடையனின் முதுகில் கருங்கபில நிற வட்டங்கள் சங்கிலிபோல் மூன்று வரிசையாக அமைந்திருக்கும். ஆளைக் கண்டதும் அது சாரையைப்போல் ஓடாது. சுருண்டு கிடந்து உரத்துச் சீறும். வெங்கிணாந்திக் குட்டி என்று எண்ணி அதைக் கையால் தூக்கியோர் உண்டு. கட்டுவிரியன் இரவிற் திரிவது. பளபளப்பான கரிய உடலில் மெல்லிய வெண்பட்டைகள் உடையது. தரையிற் பாய் விரித்து உறங்குவோரையே அது பெரிதும் கடிக்கின்றது. வலி சிறிதாக இருப்பதால் கடியுண்டவர் மீண்டும் உறங்கிவிடலாம். விடியுமுன் கண்ணிமை தாழ்ந்து மூச்சுத் திணறும். வயல் வாடியில் உறங்கும்போது உயர்ந்த படுக்கையும், ஓரங்கள் உட்செருகப்பட்ட நுளம்பு வலையும் நல்ல காவல். கட்டுவிரியனைப் போன்றே பட்டைகள் உடைய, நஞ்சற்ற பாம்பொன்றும் வீடுகளுக்குள் வருவதால், பெரியவரும் ஏமாறுவர். ஆகவே, பெயரும் அடையாளமும் கற்ற பின்னரும் எந்தப் பாம்பையும் தொடலாகாது என்பது பிள்ளைக்கு முதற் பாடமாகட்டும்.

இத்தகைய கல்வி சென்னையில் நெடுங்காலமாக நடந்து வருகின்றது. ரோமுலஸ் விட்டேக்கர் என்பவரின் முயற்சியால் 1972 ஆம் ஆண்டிற் கிண்டியில் அமைந்த பாம்புப் பண்ணையில், பள்ளிப் பிள்ளைகள் தலைமுறை தலைமுறையாக உயிர்ப் பாம்புகளைக் கண்டு வருகின்றனர். அம்முயற்சிக்குத் துணை நின்றோர் இருளர் என்னும் பழங்குடியினர். முன்னர் தோலுக்காகப் பாம்பு பிடித்து வந்த அவர்கள், அவ்வணிகம் தடைப்பட்ட பின் 1978 ஆம் ஆண்டிற் கூட்டுறவுச் சங்கம் அமைத்து, நஞ்சை எடுத்துவிட்டுப் பாம்பை மீண்டும் காட்டில் விடலாயினர். இந்தியாவில் நஞ்சுமுறி மருந்து செய்யப் பயன்படும் நஞ்சின் பெரும்பகுதி அவர்களிடமிருந்தே கிடைத்து வந்துள்ளது. இலங்கை வைத்தியசாலைகள் பயன்படுத்தி வந்த மருந்தும் இந்திய மருந்தே. 2023 ஆம் ஆண்டில் வடிவேல் கோபால், மாசி சடையன் என்னும் இருளர் இருவருக்கு இந்திய அரசாங்கம் பத்மஸ்ரீ விருது அளித்தது. மண்ணிற் பதிந்த தடத்தைக் கொண்டே பாம்பைக் கண்டறியும் அவர்தம் திறன், தந்தையின் பின்னே நடந்து பிள்ளை கற்பது.

கல்முனைப் பிள்ளைகளுக்குப் பண்ணை வேண்டுவதில்லை. வரம்பிற் கிடக்கும் பாம்புச் சட்டை ஒன்று போதும். அதன் தலைப்பகுதியை வெளிச்சத்திற் பிடித்துப் பார்த்தால் கண்ணை மூடியிருந்த கண்ணாடி போன்ற செதிலும் தெரியும். பாம்புக்கு இமை இல்லை என்பதைப் பிள்ளை அங்கேயே கண்டுகொள்ளும். மிளகாய், கத்தரிப் பாத்தியில் திரியும் ஓணானையும் அரணையையும் சற்றுத் தள்ளி நின்று கவனிக்கச் செய்க. அரணை கடித்தால் மரணம் என்பது வெறும் பழமொழி. அதற்கு நஞ்சே இல்லை. அது தின்பது பூச்சிகளை. தவளையும் அவ்வாறே. ஒரு வைத்தியர் மருந்துக்காகத் தவளையைப் பற்றிக் கேட்டபோது, அதைக் கொல்ல வேண்டாமென நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தடுத்ததாக அபூதாவூத் தொகுப்பில் ஒரு ஹதீஸ் உண்டு. மத்ரஸாவில் ஓதும் பிள்ளைக்கு இதைவிட எளிதாக விளங்கும் சான்று வேறில்லை. நட்சத்திர ஆமையை விளையாட்டுக்கென வீட்டுக்குக் கொண்டுவருதல் மட்டும் கூடாது. அது சட்டத்தாற் பாதுகாக்கப்பட்ட பிராணி.

கடற்கரைக்கு வேறு எச்சரிக்கை உண்டு. கரைவலையிற் சிக்கி மணலில் எறியப்படும் கடற்பாம்பு அசைவற்றுக் கிடப்பினும் கொடிய நஞ்சுடையது. அதன் வால் துடுப்புப்போல் தட்டையாக இருக்கும். இவ்வடையாளத்தைச் சிறு பிள்ளையும் நினைவிற் கொள்ளும்.

எந்தப் பாம்பு கடித்தாலும் இறுகக் கட்டுதல், கீறுதல், வாயால் உறிஞ்சுதல் ஆகியவை தீங்கு பயக்கும். மோதிரம், வளையல்களைக் கழற்றி, கடியுண்ட காலையோ கையையோ எலும்பு முறிந்ததுபோல் அசையாமல் வைத்து, 1990 என்னும் இலக்கத்தில் இலவச அம்புலன்சை அழைத்து, அரசாங்க வைத்தியசாலைக்குக் கொண்டு செல்க. பாம்பைத் தேடிப் பிடிக்க முயன்று காலம் போக்க வேண்டாம்.

இரவில் எலி பிடிப்பது கூகை. அதன் அலறலைச் சாவுக்கு அறிகுறி என்று அஞ்சிக் கல்லெறிவது இன்றும் முற்றாக ஒழியவில்லை. வயலில், பயிருக்கு மேல் நன்கு உயருமாறு, குறுக்குத்தடி கட்டிய கம்புகளை நட்டால் ஆந்தையினம் அவற்றில் அமர்ந்து வேட்டையாடும். நஞ்சுண்ட எலியைத் தின்று கூகையும் சாகுமாதலின், அவ்வயலில் எலி நஞ்சு வைத்தல் ஆகாது. விழுங்கிய எலியின் மயிரையும் எலும்பையும் கூகை உருண்டையாகத் திரட்டிக் கக்கிவிடும். அவ்வுருண்டைகளைக் கம்பினடியிலும் அது தங்கும் மரத்தின் கீழும் தேடலாம். ஒன்றைக் குச்சியால் எடுத்து நீரில் ஊறவைத்துப் பிரித்து, அதில் எத்தனை எலி மண்டையோடு உண்டென்று பிள்ளையை எண்ணச் சொல்லுக. வேலை முடிந்ததும் சவர்க்காரமிட்டுக் கைகழுவச் செய்க.