ஆரோவில்: செம்மண் மேட்டில் வரைந்த நகரம்

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு, வெற்று நிலத்தில் புது நகரங்களை எழுப்பும் வேகம் உலகெங்கும் பரவியது. பிரிட்டன் 1946-இல் இதற்கெனத் தனிச் சட்டமே இயற்றியது. இந்தியாவில் லெ கார்பூசியேயின் திட்டப்படி சண்டிகர் உருவானது.

அந்த வரிசையில் புதுச்சேரிக்கு வடக்கே பிறந்த புது நகரம் ஆரோவில்.

அரவிந்தர் ஆசிரமத்தின் அன்னை மிரா அல்ஃபாசா இதைக் கனவு கண்டார். பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர் ரோஜர் ஆங்கர் வரைபடம் தந்தார். 1968 பிப்ரவரி 28 அன்று நடந்த தொடக்க விழாவில் 124 நாடுகளின் மண் தாமரை மொட்டு வடிவத் தாழியில் சேர்க்கப்பட்டது.

விண்மீன் மண்டலம்போல் சுழலும் அந்தத் திட்டத்தில் குடியிருப்பு, தொழில், பண்பாடு, பன்னாட்டு வளாகம் என நான்கு பகுதிகள். சுற்றிலும் பசுமை வளையம். நடுவே தியான மண்டபமான மாத்ரிமந்திர். அதன் பணி 1971-இல் தொடங்கி 2008-இல் நிறைவடைந்தது.

நகரம் தொடங்கியபோது இந்தச் செம்மண் மேட்டில் மழைநீர் அரித்த ஓடைகளும் பனைமரங்களுமே மிகுதி. முதலில் வந்தவர்கள் சுற்றுவட்டாரக் கிராமத்தாரோடு வரப்பு கட்டி, நீரைத் தேக்கி, மரம் நட்டார்கள். வீடுகளுக்கு முன்பே காடு வளர்ந்தது.

திட்டமிட்ட மக்கள்தொகை 50,000. இன்று வாழ்பவர்கள் சில ஆயிரம் பேரே. திட்டத்திலுள்ள வட்டச் சாலைக்காக மரங்களை அகற்றலாமா என்ற வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. வரைபடத்துக்கும் வளர்ந்த காட்டுக்கும் இடையிலான அந்த விவாதத்தை மனத்தில் கொண்டு இந்நகரைச் சுற்றிப் பாருங்கள்.